எண்ணிக்கையும் கையும்: அய் வெய்வெய்யின் பத்துக் கோடிப் பீங்கான் விதைகள் – ஒரு நிகழ்வு ஆய்வு

2010 அக்டோபர் 12ஆம் நாள், லண்டனில் தேம்ஸ் ஆற்றின் தென்கரையிலுள்ள டேட் மாடர்ன் அருங்காட்சியகத்தின் டர்பைன் கூடத்தில் பொதுமக்கள் சாம்பல் நிறப் பரப்பு ஒன்றின் மீது நடக்கத் தொடங்கினார்கள். முன்பு மின்நிலையமாக இருந்த அந்தக் கட்டடத்தின் தரையில், ஏறத்தாழ 1,000 சதுர மீட்டர் அளவுக்கு, 10 சென்டிமீட்டர் ஆழத்தில் சூரியகாந்தி விதைகள் கொட்டிப் பரப்பப்பட்டிருந்தன. காலடியில் அவை சரசரத்தன. சிலர் உட்கார்ந்தார்கள், சிலர் படுத்தார்கள், குழந்தைகள் இரு கைகளாலும் அள்ளிச் சொரிந்தார்கள். அள்ளியவருக்குத்தான் முதலில் ஐயம் வந்திருக்கும். விதைக்கு உரிய எடையைவிட அவை கனமாக இருந்தன, உள்ளங்கையில் குளிர்ந்தன. மொத்தம் பத்துக் கோடி விதைகள், ஏறத்தாழ 150 டன் எடை. எல்லாம் பீங்கான்.

அந்த வாரம் முடிவதற்குள் அருங்காட்சியகம் அந்தப் பரப்பைச் சுற்றித் தடை போட்டது. அதன் பிறகு 2011 மே 2ஆம் நாள் காட்சி முடியும்வரை பார்வையாளர் எவரும் விதைகளின் மீது நடக்க அனுமதிக்கப்படவில்லை.

இந்த ஆய்வு அந்த ஒரு வாரத்தை நடுவில் வைத்து, அதற்கு முன்னும் பின்னும் நடந்தவற்றைப் பார்க்கிறது. படைப்பாளரான சீனக் கலைஞர் அய் வெய்வெய்யின் அரசியல் வாழ்க்கை உலகறிந்தது. அதைப் பற்றி எழுதுபவர்கள் பீங்கானை ஓர் அடையாளமாக மட்டும் குறிப்பிட்டுவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். எனக்கு அது போதவில்லை. இந்தப் படைப்பின் வலிமையும் அதற்கு நேர்ந்த முடக்கமும் பீங்கானின் இயல்பிலிருந்தே வந்தன என்றும், பளபளப்புப் பூச்சு இல்லாத பீங்கானில் ஒவ்வொரு விதையையும் ஒரு மனிதர் கையால் தீட்டினார் என்ற ஒரே உண்மையில் இரண்டுக்கும் வேர் இருக்கிறது என்றும் நான் கருதுகிறேன்.

ஜிங்டெஜென்

விதைகள் உருவான ஜிங்டெஜென் நகரம் சீனாவின் ஜியாங்சி மாகாணத்தில் உள்ளது. வட சோங் பேரரசர் ஒருவர், ஜிங்டெ என்று பெயரிடப்பட்ட தம் ஆட்சிக் கட்டத்தில், 1004ஆம் ஆண்டு, இந்த ஊரின் பாண்டங்களை விரும்பித் தம் ஆட்சிக் கட்டத்தின் பெயரையே ஊருக்கு வழங்கினார் என்பது மரபு. ஊருக்கு அருகிலுள்ள காவ்லிங் என்ற இடத்தின் பெயர்தான் கயோலின் என்று திரிந்து, இன்று உலகெங்கும் வெண்களிமண்ணின் பெயராக வழங்குகிறது. பீங்கானுக்குக் கயோலின் மட்டும் போதாது. பீங்கான் கல் என்னும் ஒருவகைப் பாறையை இடித்து மாவாக்கி அதனுடன் சேர்க்க வேண்டும். சூளையில் கல் உருகிக் கண்ணாடித் தன்மை தரும், கயோலின் உருக்குலையாமல் தாங்கி நிற்கும். கயோலின் எலும்பு, கல் தசை என்று அவ்வூர்க் கைவினைஞர்கள் இதைச் சொல்லி வந்திருக்கிறார்கள்.

அந்த ஊரின் வேலைமுறை தொன்றுதொட்டே பலர் கை பட்டு நடப்பது. 1637இல் வெளிவந்த சோங் யிங்சிங்கின் தொழில்நூல், ஒரு கிண்ணம் முடிவடைவதற்குள் 72 கைகளைக் கடக்கிறது என்று கணக்குச் சொல்கிறது. பிசைபவர் வேறு, திகிரியில் வனைபவர் வேறு, கோடு இடுபவர் வேறு, அந்தக் கோட்டுக்குள் நீலம் நிரப்புபவர் வேறு. ஆகவே ஒரு கலைஞர் தனியாக உட்கார்ந்து தன் கையாலேயே எல்லாவற்றையும் செய்கிறார் என்ற எண்ணம் ஜிங்டெஜெனுக்குப் பொருந்தாதது. பின்னால் வரப்போகும் ஒரு கேள்விக்கு இந்தச் செய்தி தேவைப்படும்.

இந்த ஊரின் பாண்டங்கள் நம் கரைக்கும் வந்திருக்கின்றன. இராமநாதபுரம் மாவட்டத்தின் பெரியபட்டினத்தில் மண்ணுக்குள்ளிருந்து கிடைத்த சீனப் பாண்ட ஓடுகளில் ஜிங்டெஜென் சூளைகளின் ஓடுகளும் உண்டு. பண்டம் சீனத்திலிருந்து வந்தாலும், பீங்கான் என்ற சொல்லை நாம் பாரசீகத்திலிருந்து பெற்றுக்கொண்டோம். கடல் வணிகம் யார் யார் கை மாறி நடந்தது என்பதற்கு அந்த ஒரு சொல்லே சான்று.

இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் ஜிங்டெஜெனின் பட்டறைகள் அரசுத் தொழிற்சாலைகளாக ஒருங்கிணைக்கப்பட்டன. 1990களில் அத்தொழிற்சாலைகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. கைத்தேர்ச்சி மிகுந்த ஏராளமானோர் வேலையிழந்து சிறு பட்டறைகளுக்கும், பழைய அரசவைப் பாண்டங்களின் நகல்களைச் செய்யும் வேலைக்கும் போனார்கள். அய் வெய்வெய் சென்ற நூற்றாண்டுத் திருப்பத்துக்குப் பிறகு இந்த ஊருக்கு வந்தபோது கண்டது இந்த நிலையைத்தான்.

அவர் பீங்கான் தொழிலில் வளர்ந்தவர் அல்லர். அதே தலைமுறையைச் சேர்ந்த லியூ ஜியான்ஹுவா 1962இல் பிறந்து, இளம் வயதிலேயே ஜிங்டெஜெனுக்கு வந்து, அங்கேயே தொழிற்சாலையில் கைவேலை கற்று, பின் அவ்வூரின் பீங்கான் கல்லூரியில் சிற்பம் படித்தவர். ஓரங்கள் மெல்லச் சுருண்ட வெற்றுத் தாள்களைப் போல அவர் செய்த மெல்லிய பீங்கான் தகடுகளைப் பார்த்தால், மண் எந்தக் கணத்தில் வளையும், எந்தக் கணத்தில் வெடிக்கும் என்பதை அறிந்த கை தெரியும். பெய்ஜிங்கில் பிறந்து சிட்னியில் குடியேறிய ஆ சியான், 1990களின் இறுதியில், உயிருள்ள மனிதர்களிடமிருந்து அச்செடுத்த மார்பளவுச் சிற்பங்களின் மேல் ஜிங்டெஜென் ஓவியர்களைக் கொண்டு மலர்களையும் மலைகளையும் தீட்டச் செய்தார். அய் வெய்வெய்யின் வழி வேறு. 1995இல் ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுப் பழைமையான ஹான் காலத்துத் தாழி ஒன்றைத் தரையில் போட்டு உடைத்துப் படமெடுத்துக்கொண்ட அவர், பழம்பொருளின் மதிப்பை யார் தீர்மானிக்கிறார்கள் என்ற கேள்வியோடுதான் பாண்டங்களை அணுகினார். 2006 அளவில் ஜிங்டெஜெனில் அவர் செய்வித்த தர்பூசணிகளும் கரிய எண்ணெய்ச் சிதறல்களும் பீங்கானின் ஏமாற்றும் ஆற்றலைச் சோதித்தவை. விதைகள் அந்தச் சோதனையின் தொடர்ச்சி. அளவு மட்டும் எவரும் எதிர்பாராதது.

ஒரு விதை உருவாகும் விதம்

ஏறத்தாழ 1,600 பேர் இந்த வேலையில் ஈடுபட்டார்கள். இரண்டு ஆண்டுகளுக்கும் மேலாக வேலை நடந்தது. மலையிலிருந்து கல்லை வெட்டியெடுத்து, இடித்து, நீரில் கரைத்து, சல்லடையிட்டு, பிசைந்து, அச்சில் வார்த்து, உலர்த்தி, சூளையில் இட்டு, எடுத்து, தீட்டி, மறுபடியும் ஏறத்தாழ 1,300 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில் சுட்டு, கழுவி, உலர்த்தி என்று ஏறக்குறைய முப்பது படிகள். இவற்றில் தீட்டும் படிதான் மற்ற எல்லாவற்றையும் விட நேரத்தை விழுங்கியது. ஒரு விதைக்கு ஒவ்வொரு பக்கமும் மூன்று நான்கு தூரிகைக் கீற்றுகள். வேலையைச் செய்தவர்களில் பெரும்பாலோர் பெண்கள். பட்டறையில் கூடி உட்கார்ந்து தீட்டியவர்களும் உண்டு, வெள்ளை விதைகளைப் பைகளில் வீட்டுக்கு எடுத்துச்சென்று, வீட்டுவேலைகளுக்கு நடுவே தீட்டி, திரும்பக் கொண்டுவந்து எடைபோட்டுக் கொடுத்தவர்களும் உண்டு. காட்சியோடு சேர்த்துத் திரையிடப்பட்ட குறும்படத்தில் இதைக் காணலாம்.

வேலையாட்களின் எண்ணிக்கையால் வகுத்தால் தலைக்கு 62,500 விதைகள் வருகின்றன. எல்லோரும் தீட்டுபவர்கள் அல்லர் என்பதால், தூரிகை பிடித்த ஒருவரின் பங்கு இதைவிடக் கூடுதலாகவே இருந்திருக்கும். இந்த எண்ணை நான் பலமுறை மனத்தில் உருட்டிப் பார்த்திருக்கிறேன். 62,500 முறை ஒரே கோட்டை இழுக்கும் கைக்கு அந்தக் கோடு பழகிப்போய், அதன் பின் அவரவர் கையெழுத்தைப் போல ஆகிவிடும். ஒருவர் தடித்து இழுப்பார், இன்னொருவர் நுனியில் சற்று வளைப்பார். இயந்திரத்தால் அச்சிட்டிருக்கலாமே என்று கேட்பவர்களுக்கு விடை இங்கே இருக்கிறது. எந்த இரண்டு விதையும் ஒன்றல்ல. ஆனால் அது தெரிய வேண்டுமானால் குனிந்து ஒன்றைக் கையில் எடுக்க வேண்டும்.

ஏன் இந்த விதை

அய் வெய்வெய் 1957இல் பிறந்தார். தந்தை அய் சிங் புகழ்பெற்ற கவிஞர். மாவோ ஆட்சி நடத்திய, வலதுசாரிகளுக்கு எதிரான இயக்கத்தில் அவர் குற்றஞ்சாட்டப்பட்டு, குடும்பத்தோடு நாட்டின் தொலைதூர எல்லைக்கு, பின்னர் சின்ஜியாங்கின் ஷிஹேசிக்கு அனுப்பப்பட்டார். அங்கே பொதுக் கழிப்பறைகளைக் கழுவும் வேலை அந்தக் கவிஞருக்குத் தரப்பட்டது. மகன் அந்தச் சூழலில் வளர்ந்தான். பண்பாட்டுப் புரட்சிக் காலத்துச் சுவரொட்டிகளில் மாவோ சூரியன், மக்கள் அவரை நோக்கித் திரும்பும் சூரியகாந்திப் பூக்கள். அதே காலத்தில் ஒன்றும் இல்லாத வீட்டிலும் விதைகள் கொஞ்சம் இருந்தன. நண்பர்கள் கூடினால் பல்லிடுக்கில் வைத்து உடைத்து, தோலைத் துப்பியபடி பேசிக்கொண்டிருப்பார்கள். சூரியனை வழிபடும் பூவின் விதையே, சூரியனுக்குத் தெரியாமல் மனிதர்கள் தங்களுக்குள் பகிர்ந்துகொண்ட சிறு இன்பமாகவும் இருந்தது. இந்த இரட்டைப் பொருளை அய் வெய்வெய்யே பல இடங்களில் பேசியிருக்கிறார்.

விதைகள் உருவான காலத்தையும் கவனிக்க வேண்டும். 2008 மே 12 அன்று சிச்சுவான் நிலநடுக்கத்தில் பள்ளிக் கட்டடங்கள் இடிந்து குழந்தைகள் மாண்டபோது, அரசு அவர்களின் பெயர்களை வெளியிட மறுத்தது. அய் வெய்வெய் தன்னார்வலர்களைத் திரட்டி, ஊர் ஊராக அனுப்பி, 5,000க்கும் மேற்பட்ட குழந்தைகளின் பெயர்களைச் சேகரித்தார். 2009 ஆகஸ்டில் செங்டுவில் காவல்துறையினர் அவரைத் தாக்கினர். அதன் விளைவாக மூளையில் ஏற்பட்ட இரத்தக்கசிவுக்கு மியூனிக்கில் அறுவைச் சிகிச்சை செய்ய வேண்டியிருந்தது. அதே நகரில் அந்த ஆண்டு அவர் 9,000 பள்ளிப் பைகளைக் கொண்டு, நிலநடுக்கத்தில் மகளை இழந்த ஒரு தாயின் வாக்கியத்தைக் கட்டடத்தின் முகப்பில் எழுதினார். இவை நடந்துகொண்டிருந்த மாதங்களில்தான் ஜிங்டெஜெனில் விதைகள் ஒவ்வொன்றாகத் தீட்டப்பட்டுக்கொண்டிருந்தன. மொத்த எண்ணிக்கையாக மறைந்துவிடும் மனிதர்களை ஒருவர் ஒருவராக மீட்பது என்ற ஒரே பிடிவாதம் இரு வேலைகளிலும் இருக்கிறது. நம் மொழியில் எண்ணிக்கை என்ற சொல்லின் இறுதியில் நிற்கும் கை இலக்கணப்படி வெறும் விகுதிதான். இந்தப் படைப்பைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் அந்த விகுதி எனக்கு உயிர்பெற்றுக் கையாகவே தெரிகிறது.

தூசு

இனி அந்த வாரத்துக்கு வருவோம். பார்வையாளர்களின் உற்சாகமான நடையால் எதிர்பார்த்ததைவிட அதிகமாகத் தூசு எழுகிறது என்றும், நீண்ட காலம் திரும்பத் திரும்பச் சுவாசித்தால் அது உடல்நலத்துக்குத் தீங்கு தரலாம் என்றும் அருங்காட்சியகம் அறிவித்தது.

இதன் பின்னுள்ள பொருளறிவியல் எளிது. விதைகளுக்கு மேல் கண்ணாடி போன்ற பளபளப்புப் பூச்சு இல்லை. உண்மையான விதையின் மங்கலான தோற்றத்துக்கு அதுவே காரணம். பூச்சில்லாத பீங்கான்கள் ஒன்றோடொன்று உராயும்போது நுண்துகள் உதிரும். ஒரு விதையின் மேல் ஒரு மனிதரின் எடை அழுத்தும்போது, அதன் கீழுள்ள நூற்றுக்கணக்கான விதைகள் ஒன்றையொன்று தேய்க்கின்றன. அந்தத் துகளில் சிலிக்கா உண்டு. சிலிக்காத் துகளை ஆண்டுக்கணக்கில் சுவாசித்தால் நுரையீரலில் வடு கட்டிச் சிலிக்கோசிஸ் என்ற நோய் வரும். உலகின் எல்லாப் பீங்கான் ஊர்களும் அறிந்த நோய் அது. சில நிமிடம் நடந்துவிட்டுப் போகும் பார்வையாளரைவிட, நாள் முழுதும் கூடத்தில் நிற்கும் ஊழியர்களுக்கே ஆபத்து அதிகம். அருங்காட்சியகத்தின் முடிவு சரியானது என்பதில் எனக்கு ஐயமில்லை. நடக்கும்படி திட்டமிட்ட ஒரு படைப்பை, நடந்தால் என்ன ஆகும் என்று போதிய அளவில் முன்கூட்டியே சோதிக்காமல் திறந்ததுதான் தவறு.

தடை விழுந்ததும் படைப்பு வேறொன்றாகிவிட்டது. மக்கள் ஓரத்தில் நின்றும், மேலேயுள்ள பாலத்திலிருந்து குனிந்தும் பார்த்தார்கள். பாலத்திலிருந்து பார்த்தால் விதை தெரியாது. சாம்பல் நிறக் கடற்கரை ஒன்று தெரியும், அல்லது சரளைக்கல் பரப்பிய முற்றம். தூரிகைக் கீற்று தெரியாது, எந்த இரண்டும் ஒன்றல்ல என்பது தெரியாது. பத்துக் கோடி என்ற எண் மட்டும் மிஞ்சியது, கை மறைந்தது. எந்த மறைவுக்கு எதிராக இந்தப் படைப்பு உருவானதோ, அந்த மறைவே அதன் மேல் விழுந்தது. சிலர் தொலைவிலிருந்து பார்ப்பதிலும் ஓர் அழகு உண்டு என்றும், தொட முடியாமை சீனக் குடிமகனின் நிலையைக் காட்டுகிறது என்றும் எழுதினார்கள். இந்த வாதத்தை என்னால் ஏற்க முடியவில்லை. விபத்துக்குப் பொருள் கற்பிப்பது எளிது; ஆனால் இங்கே கிடைக்காமல்போனது காலடிச் சரசரப்பும் உள்ளங்கைக் குளிர்ச்சியும், அவற்றுக்கு எந்த விளக்கமும் ஈடாகாது.

தூசு இன்னொன்றையும் வெளிக்கொண்டுவந்தது. ஒரு வாரத்துக்குள் லண்டனில் ஆபத்து என்று கண்டறியப்பட்டது, பீங்கான் ஊர்களில் ஆயிரம் ஆண்டுகளாக அன்றாட வேலையின் பகுதி. கல்லை இடிப்பவரும், உலர்ந்த வார்ப்பைச் சுரண்டிச் சீராக்குபவரும் அதே துகளின் நடுவில்தான் வாழ்நாளைக் கழித்திருக்கிறார்கள். டர்பைன் கூடத்தில் எழுந்த வெள்ளைப் புகை அந்த உழைப்பை ஒரு கணம் உலகின் மூக்குக்கு அருகில் கொண்டுவந்தது என்று சொன்னால் மிகையாகாது. படைப்பாளரும் அருங்காட்சியகமும் திட்டமிட்ட எந்த விளக்கத்தையும்விட அந்தத் தூசு ஜிங்டெஜெனைப் பற்றி நேரடியாகப் பேசியது.

விலை, கைது, கூம்பு

2011 பிப்ரவரி 15 அன்று லண்டன் சோத்பீஸ் ஏலத்தில் 100 கிலோ விதைகள் 3,49,250 பவுண்டுக்கு விற்பனையாயின. ஒரு விதைக்கு ஏறத்தாழ மூன்றரைப் பவுண்டு என்று செய்தித்தாள்கள் கணக்கிட்டன. எடைபோட்டுக் கூலி பெற்ற பண்டம் எடைபோட்டே ஏலமும் போனது. அளவுகோல் ஒன்றுதான், எண்கள்தான் வேறு.

அதற்குள் சீனாவில் நெருக்கடி முற்றியிருந்தது. ஷாங்காய் அருகே அவர் கட்டிய கலைக்கூடத்தை இடிக்க அதிகாரிகள் உத்தரவிட்டனர். அதை முன்னிட்டு 2010 நவம்பரில் ஆற்று நண்டு விருந்துக்கு மக்களை அழைத்த அவர், விருந்துக்குப் போகவிடாமல் பெய்ஜிங் வீட்டில் காவலில் வைக்கப்பட்டார். ஆற்று நண்டு என்ற சீனச் சொல்லின் ஒலி, தணிக்கையை மூடி மறைக்க அரசு பயன்படுத்திய இணக்கம் என்ற சொல்லை நினைவூட்டும். பின்னர் அவர் பீங்கானில் ஆயிரக்கணக்கான நண்டுகளைச் செய்வித்ததற்கும் அதுவே காரணம். 2011 ஜனவரியில் கலைக்கூடம் இடிக்கப்பட்டது. ஏப்ரல் 3 அன்று ஹாங்காங் செல்லப் பெய்ஜிங் விமான நிலையத்துக்கு வந்த அவரைப் பிடித்துச்சென்றனர். 81 நாட்கள் அவர் அடைத்துவைக்கப்பட்டார். விதைகள் அப்போதும் டர்பைன் கூடத்தில் கிடந்தன. கட்டடத்தின் உச்சியில், அய் வெய்வெய்யை விடுதலை செய் என்ற வாசகத்தைப் பெரிய எழுத்துகளில் அருங்காட்சியகம் வைத்தது. கீழே காலடி படாத விதைப் பரப்பும் மேலே அந்த எழுத்துகளுமாகக் காட்சியின் கடைசி மாதம் கழிந்தது.

2012இல் டேட் தன் நிரந்தரச் சேகரிப்புக்காக ஏறத்தாழ 80 லட்சம் விதைகளை, பத்து டன் எடை, வாங்கியது. மொத்தத்தில் அது பத்தில் ஒரு பங்குக்கும் குறைவு. பரப்பாகவும் வைக்கலாம், ஐந்து மீட்டர் அகலக் கூம்பாகவும் குவிக்கலாம். கூம்பில் ஒரு நன்மை உண்டு: அதன் விளிம்பில் சரிந்து கிடக்கும் விதைகளை அருகில் நின்று ஒவ்வொன்றாகப் பார்க்க முடியும்.

யாருடைய கை

இந்தப் படைப்பின் மேல் வைக்கப்படும் கடினமான கேள்வி, 1,600 பேர் செய்ததற்கு ஏன் ஒருவர் பெயர் என்பது. ஜிங்டெஜெனின் மரபைக் கொண்டு ஒரு பகுதி விடை சொல்லலாம். 72 கைகளைக் கடந்த கிண்ணத்தின் அடியிலும் பேரரசரின் ஆட்சிப் பெயர் மட்டுமே பொறிக்கப்பட்டது. தீட்டியவரின் பெயரை யாரும் பொறிக்கவில்லை. அய் வெய்வெய் அந்த மரபுக்கு வெளியே நின்று ஒன்றைச் செய்யவும் செய்தார்: வேலையைப் படமாக்கி, தீட்டிய பெண்களின் முகங்களையும் பேச்சையும் காட்சியின் பகுதியாகவே வைத்தார். வேலையற்றிருந்த ஊருக்கு வேலை கிடைத்தது என்பதும் உண்மை.

ஆயினும் எனக்கு மனநிறைவு வரவில்லை. 5,000 குழந்தைகளின் பெயர்களை ஒன்று விடாமல் சேகரித்து, உரக்க வாசிக்கச் செய்த ஒருவரிடம் நாம் இயல்பாகவே அதிகம் எதிர்பார்க்கிறோம். குழந்தைகளின் பெயர்ப்பட்டியல் சுவரை நிறைத்ததைப் போல, 1,600 பெயர்களும் விதைகளுக்கு இணையான இடத்தை அந்தக் கூடத்தில் பெற்றிருந்தால், தடை விழுந்த பிறகும் படைப்பின் கை மறைந்திருக்காது. இன்று விதைகளை நினைவில் வைத்திருக்கும் உலகம் ஒரே பெயரைத்தான் சொல்கிறது.

இந்தக் கேள்வி அவரையும் விடவில்லை என்றே அவருடைய பிந்தைய வேலைகளைப் பார்க்கும்போது தோன்றுகிறது. 2023இல் லண்டன் வடிவமைப்பு அருங்காட்சியகத்தில் அவர் தரையில் பரப்பிய ஒரு வயலில் 2,00,000க்கும் மேற்பட்ட கெண்டி மூக்குகள் இருந்தன. சோங் காலத்துக் குயவர்கள் செய்த தேநீர்க் கெண்டிகளின், மதுக் குடுவைகளின் மூக்குகள் அவை. பாண்டம் குறையுடையது என்று கண்டால் அதன் மூக்கை ஒடித்துப் போட்டுவிடுவார்கள். இம்முறை அய் வெய்வெய் எவரையும் கொண்டு எதையும் புதிதாகச் செய்விக்கவில்லை. ஆயிரம் ஆண்டுகளாக மண்ணில் கிடந்தவற்றைத் திரட்டினார். அந்தப் பரப்பில் எவரும் நடக்கவில்லை. ஓரத்தில் குனிந்து பார்த்தவர்களுக்கு ஒவ்வொரு மூக்கும் வேறு வேறு வளைவோடும், விரலால் அழுத்தி ஒட்டிய இடத்தின் தடத்தோடும் தெரிந்தது.